1323: ஓர் ஆண்டும் உலகமும்

சரித்திரப் பாடம் என்றாலே ஆண்டுகளை நெட்டுருப் போடுவதுதான் என்று அஞ்சும் மாணவர் பலர். அவர்கள் அஞ்சுவதில் தவறு இல்லை. மன்னன் பட்டம் ஏறிய ஆண்டு, போர் நிகழ்ந்த ஆண்டு, மன்னன் மாண்ட ஆண்டு என எண்களை வரிசையாக அடுக்கிவிட்டால், அவை சுவரில் அடித்த ஆணிகளைப் போல நிற்கும். நமக்கு ஒன்றும் சொல்லமாட்டா. ஆணியில் எதையேனும் மாட்டினால்தான் அதற்குப் பயன் உண்டு. அத்தகைய ஆணி ஒன்றை எடுத்துக்கொண்டு, அந்த ஓராண்டில் நம் ஊரில் நடந்ததையும் உலகத்தின் பிற பகுதிகளில் நடந்ததையும் அதில் சேர்த்து மாட்டிப் பார்ப்போம். நான் எடுத்துக்கொண்ட ஆண்டு கி. பி. 1323.

திருச்சிராப்பள்ளியில் பாலக்கரை வழியாக நாள்தோறும் பள்ளிக்கும் கல்லூரிக்கும் செல்லும் மாணவர்கள் உய்யக்கொண்டான் வாய்க்காலைக் கடந்து செல்கிறார்கள். அது இராசராச சோழன் காலத்தில் வெட்டப்பட்டது என்பர். 1323-இல் அந்த வாய்க்காலுக்கே வயது முந்நூறைத் தாண்டிவிட்டது. மலைக்கோட்டைக் குன்றில் பல்லவர் குடைந்த குகை அதனினும் பழமையானது. காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் இடையில், திருவரங்கத்தில் அரங்கநாதர் கோயில் அன்றும் பெருங்கோயிலாகவே விளங்கிற்று. ஆகவே 1323-ஆம் ஆண்டு நமக்கு அயலான ஆண்டு அன்று. நாம் நடக்கும் மண்ணிலேயே அது நடந்து சென்றிருக்கிறது.

அந்த ஆண்டை எல்லாரும் 1323 என்று அழைக்கவில்லை. கிறிஸ்தவ நாடுகளில் அது 1323. நம் கல்வெட்டுகள் வழங்கிய சக ஆண்டுக் கணக்கில் அது 1245. அறுபதாண்டு வட்டத்தில் அதன் பெயர் ருத்ரோத்காரி. இஸ்லாமியரின் ஹிஜ்ரி கணக்கில் 723. சேர நாட்டார் கொல்லம் 498 என்றும், ஆவணி பிறந்தபின் 499 என்றும் எழுதினர். சீனத்திலோ, ஆண்ட பேரரசரின் ஆட்சிப் பெயரைச் சொல்லி அதன் மூன்றாம் ஆண்டு என்றனர். ஞாயிறு ஒன்றே, நாட்காட்டிகள் பல. ஒருவரது கணக்கை மற்றவர் அறியாமலே, எல்லாரும் ஒரே காலத்தில் வாழ்ந்துகொண்டிருந்தனர்.

முதலில் நம் ஊரைப் பார்ப்போம். பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் தமிழகத்தின் பெரும்பகுதி பாண்டியர் ஆட்சியில் இருந்தது. மாறவர்மன் குலசேகர பாண்டியன் மறைந்தபின், அவன் மக்களான சுந்தர பாண்டியனும் வீர பாண்டியனும் அரியணைக்காகத் தம்முள் போரிட்டனர். வீட்டுக்குள் பகை மூண்டால் வாயிற்கதவு தானே திறந்துகொள்ளும். 1311-இல் டில்லி சுல்தான் அலாவுத்தீன் கில்ஜியின் தளபதி மாலிக் காபூர் தென்னாட்டின்மீது படையெடுத்து வந்து, பெருஞ்செல்வத்தைக் கவர்ந்து மீண்டான். அதன் பின்னும் பாண்டியரின் உட்பூசல் ஓயவில்லை.

1320-இல் டில்லியில் துக்ளக் மரபு தோன்றியது. கியாசுத்தீன் துக்ளக் சுல்தானானார். அவருடைய மூத்த மகன் உலுக்கான், பிற்காலத்தில் முகம்மது பின் துக்ளக் என்று நாம் பாடநூல்களில் படிக்கும் அதே அரசன். அவன் தெலுங்கு நாட்டின் வாரங்கல் கோட்டையை முதன்முறை முற்றுகையிட்டபோது தோற்றுத் திரும்பினான். 1323-இல் மீண்டும் வந்து அதனைக் கைப்பற்றினான். காகதீய மன்னன் பிரதாபருத்திரன் சிறைப்பட்டு டில்லிக்குக் கொண்டுசெல்லப்படும் வழியில், நருமதைக் கரையில் உயிர் நீத்தான் என்று பின்வந்த ஒரு செப்பேடு கூறுகிறது. வாரங்கலுக்குச் சுல்தான்பூர் என்று புதுப்பெயர் இடப்பட்டது. இராஜமகேந்திரபுரத்தில் 1324-ஆம் ஆண்டைக் குறிக்கும் பள்ளிவாசல் கல்வெட்டு ஒன்று, அப்படையினர் கோதாவரிக் கரைவரை நிலைகொண்டதற்குச் சான்றாக நிற்கிறது. அதே படையெழுச்சியின் ஒரு கிளைதான் தெற்கே இறங்கி மதுரைவரை வந்தது. அதன் பாதையில் திருவரங்கம் இருந்தது.

இங்கு ஒன்றை மறத்தல் ஆகாது. அக்காலத்தில் பெருங்கோயில் என்பது வழிபாட்டிடம் மட்டும் அன்று. அரசரும் வணிகரும் அளித்த பொன்னும் மணியும் சேர்ந்திருக்கும் கருவூலமும் அதுவே. நிலங்களின் வருவாய் வந்து சேரும் களஞ்சியமும் அதுவே. ஒரு நாட்டை வென்றோம் என்று காட்ட விரும்பிய படைத்தலைவர்கள் கோயிலை நாடி வந்ததற்கு இவையும் காரணங்கள்.

அன்று திருவரங்கத்தில் நடந்ததைக் கோயிலொழுகு என்னும் கோயில் வரலாற்று நூலும், வைணவ ஆசாரியர்களின் வரலாறு கூறும் குருபரம்பரை நூல்களும் சொல்கின்றன. உற்சவ மூர்த்தியாகிய அழகிய மணவாளர் கொள்ளிடக் கரைக்கு எழுந்தருளியிருந்த வேளையில் படை நெருங்கிவிட்டது என்ற செய்தி வந்தது. ஊர் கூடியிருந்த விழாக்கூட்டத்தில் அந்தச் செய்தி எப்படிப் பரவியிருக்கும் என்பதை எண்ணிப் பாருங்கள். சிலர் மூலவரின் சன்னிதியைக் கல்லால் மறைத்துச் சுவர் எழுப்பினர். முதுமை எய்தியிருந்த பிள்ளை லோகாசாரியர், சிறு கூட்டத்தோடு உற்சவ மூர்த்தியை எடுத்துக்கொண்டு தெற்கு நோக்கிக் காட்டு வழியே புறப்பட்டார். ஊரிலேயே நின்றவர்கள் பலர். அவர்களுள் உயிரிழந்தோர் பன்னீராயிரவர் என்று மரபு கூறுகிறது. கணக்கு எதுவாயினும், அது பெருந்துயரம் என்பதில் ஐயம் இல்லை.

பிள்ளை லோகாசாரியர் மதுரைக்கு அருகிலுள்ள சோதிட்குடி என்னும் சிற்றூரில் உயிர் நீத்தார். மூர்த்தியைச் சுமந்தவர்கள் நிற்கவில்லை. மலையாள நாடு, கன்னட நாடு, இறுதியில் திருமலை என, தலைமுறை ஒன்று கடந்து மறு தலைமுறையும் வளரும்வரை அந்தப் பயணம் நீண்டது. திருமலைக் கோயிலிலுள்ள அரங்க மண்டபம் அந்த நினைவைச் சுமந்து நிற்கிறது.

இன்னொரு சுமையும் அன்று திருவரங்கத்தை விட்டுச் சென்றது. அது ஓர் ஏட்டுக் கட்டு. இராமானுசர் இயற்றிய ஸ்ரீபாஷ்யத்துக்குச் சுதர்சன சூரி என்னும் பேரறிஞர் எழுதிய சுருதப்பிரகாசிகை என்ற விரிவுரை அது. சுதர்சன சூரி அந்தக் கலகத்தில் மாண்டார். மாளுமுன் தம் நூலையும் தம் இரு புதல்வர்களையும் வேதாந்த தேசிகரிடம் ஒப்படைத்தார் என்றும், தேசிகர் வீழ்ந்துகிடந்த உடல்களிடையே ஒளிந்திருந்து, இரவில் தப்பிக் கன்னட நாட்டுச் சத்தியமங்கலம் போய்ச் சேர்ந்தார் என்றும் மரபு சொல்லும். ஸ்ரீபாஷ்யம் பயில்வோர் அந்த உரையை இன்றும் பயில்கின்றனர். பொன்னைக் கொள்ளையிட வந்தவர்கள் ஓலையைத் தேடவில்லை. அந்த ஓலையைக் காத்தவர்களோ பொன்னைத் தேடவில்லை.

நம் ஊர் இவ்வாறு தவித்த அந்த ஆண்டில் பிற நாடுகள் என்ன செய்துகொண்டிருந்தன? ஆண்டின் தொடக்கத்திலிருந்தே வருவோம்.

சனவரி 25-ஆம் நாள், ஐரோப்பாவின் வடகிழக்கில் லிதுவேனியா நாட்டின் பெருங்கோமகன் கெடிமினாஸ் ஒரு மடல் எழுதுவித்தான். லூபெக், பிரெமன், கொலோன் முதலிய செர்மானிய நகரங்களுக்குச் சென்ற மடல் அது. வணிகர் வருக, மருத்துவர் வருக, கொல்லர் வருக, தோல் வினைஞர் வருக. எங்கள் நாட்டில் குடியேறித் தொழில் செய்க என்று அந்த ஆண்டின் மடல்களில் அவன் அழைத்தான். லிதுவேனியர் அப்போது கிறிஸ்தவர் அல்லர். தம் முன்னோரின் தெய்வங்களை வணங்கியவர்கள். அண்டையிலிருந்த செர்மானியப் படைத்துறவிகள் மதத்தின் பெயரால் அவர்கள்மீது ஓயாமல் படையெடுத்து வந்தனர். அந்த நெருக்கடியில் நாட்டை வளர்க்க அம்மன்னன் கைவினைஞரை நாடினான். அவன் மடலில்தான் வில்னியூஸ் என்னும் நகரின் பெயர் முதன்முதலாக எழுத்தில் காணப்படுகிறது. இன்று லிதுவேனியாவின் தலைநகரமாகிய அது, 2023-இல் தன் 700-ஆம் ஆண்டு விழாவைக் கொண்டாடியது. போரில் வென்ற நாளை அந்நகரம் தன் பிறந்த நாளாகக் கொள்ளவில்லை. தொழிலாளரை வரவேற்று எழுதிய ஒரு கடிதத்தின் நாளையே கொண்டது.

சூலை 18-ஆம் நாள், பிரெஞ்சு நாட்டுப் பகுதியிலுள்ள அவிஞ்ஞோன் நகரில், போப்பாண்டவர் இருபத்திரண்டாம் யோவான், தாமஸ் அக்குவினாஸ் என்ற தத்துவப் பேரறிஞரைப் புனிதராக அறிவித்தார். அவர் மறைந்தது 1274-இல். கிரேக்க அறிஞர் அரிஸ்டாட்டிலின் கருத்துகளைக் கிறிஸ்தவச் சிந்தனையோடு இயைத்துக் காட்டியவர் அவர். அரிஸ்டாட்டிலைக் கற்க அவருக்குத் துணைநின்றோருள் இபின் சீனா, இபின் ருஷ்து என்ற இஸ்லாமியப் பேரறிஞர்களும் இருந்தனர். அவர் மறைந்த மூன்றாம் ஆண்டிலேயே பாரிஸ் நகரின் ஆயர் தடைசெய்த கருத்துகளுள் அவருடையனவும் சில இருந்தன. நாற்பத்தாறு ஆண்டுகள் கழித்து அதே அறிஞருக்குப் புனிதர் பட்டம் கிடைத்தது. அவிஞ்ஞோனில் ஒரு தத்துவ ஞானி போற்றப்பட்ட அதே ஆண்டில், காவிரிக் கரையில் ஒரு தத்துவ நூல் உயிருக்குத் தப்பி ஓடியது. கல்விக்கு ஓரிடத்தில் நன்னாள், மற்றோரிடத்தில் ஊழிநாள்.

ஆகஸ்டு 12-ஆம் நாள், ருஷ்ய நாட்டின் லடோகா ஏரியிலிருந்து நேவா ஆறு புறப்படும் இடத்திலுள்ள சிறு தீவில், ஸ்வீடனும் நோவ்கொரோத் குடியரசும் உடன்படிக்கை செய்துகொண்டன. முப்பதாண்டுகளாக அவை ஓயாமல் பொருதிய பகுதி பின்லாந்தும் கரேலியாவும். இரு தரப்பும் தம்முள் ஓர் எல்லையை வகுத்துக்கொண்டன. அதன்பின் அங்கே போரே நிகழவில்லை என்று சொல்ல முடியாது. ஆயினும் வாளால் முடியாததை எழுத்தால் முடிக்கலாம் என்று இரு நாடுகள் எண்ணிய நாள் அது.

அதே ஆண்டில் மேற்கு ஆசியாவிலும் ஒரு பெருஞ்சமாதானம் நிறைவேறியது. எகிப்தையும் சிரியாவையும் ஆண்ட மம்லூக் சுல்தான் நாசிர் முகம்மதுவும், பாரசீகத்தை ஆண்ட மங்கோலிய மரபினன் அபூசயீதும் அலெப்போ நகரின் பெயரால் வழங்கும் உடன்படிக்கையை முடித்தனர். அறுபது ஆண்டுகளாகத் தொடர்ந்த பகைமை ஓய்ந்தது. இருவரும் இஸ்லாமியர், இருவரின் முன்னோரும் ஒருவரையொருவர் கொன்று குவித்தவர்கள். ஆகவே அக்காலப் போர்களையெல்லாம் ஒரு மதத்துக்கும் மற்றொரு மதத்துக்கும் இடையே நடந்தவை என்று மட்டும் கருதுவது பொருந்தாது. நிலமும் வரியும் வழித்தடமும் ஆட்சி வேட்கையும் எல்லா மன்னர்க்கும் பொது. இந்தச் சமாதானத்தால் சாலைகள் திறந்தன. இரண்டாண்டு கழித்து, 1325-இல் மொராக்கோவிலிருந்து புறப்பட்ட இபின் பதூதா, மம்லூக் நாட்டையும் பாரசீகத்தையும் கடந்து டில்லிக்கு வந்து, 1340-களில் மதுரையையும் கண்டார். நம் மதுரையின் நிலையை ஓர் அயல்நாட்டார் எழுதிவைத்ததற்கு, அலெப்போ உடன்படிக்கையும் தொலைவிலிருந்து ஒரு காரணம் எனலாம்.

செப்டம்பர் 4-ஆம் நாள், சீனத்தில் குப்ளாய் கானின் வழித்தோன்றலான பேரரசர் கெகீன் கான், தம் கோடைக்காலத் தலைநகரிலிருந்து திரும்பும் வழியில், தம் அரண்மனை அதிகாரிகளாலேயே கொல்லப்பட்டார். இருபது வயதைச் சற்றே கடந்த இளைஞர் அவர். ஊழல் செய்தாரை ஒறுக்கவும் ஆட்சியைச் சீர்திருத்தவும் முற்பட்டதே அவருக்குக் கேடாயிற்று. அந்த ஆண்டின் தொடக்கத்தில்தான் அவர் ஒரு பெரிய சட்டத் தொகுதியை வெளியிட்டிருந்தார். சட்டத்தை எழுதிய கைக்குக் காவல் இல்லாமற் போயிற்று.

சீனத்தோடு தமிழர்க்கு உறவு உண்டு. அந்நாட்டின் துறைமுகமான சுவான்சௌ நகரில், 1281-ஆம் ஆண்டில் தமிழும் சீனமும் பொறித்த கல்வெட்டு ஒன்று, அங்கே தமிழ் வணிகர் எழுப்பிய சிவன் கோயிலைப் பற்றிப் பேசுகிறது. எனவே சீனக் கடலில் நடந்த இன்னொரு நிகழ்ச்சியையும் நாம் அயலாகக் கருத வேண்டியதில்லை.

1323-இன் வேனிற்காலத்தை ஒட்டி, நிங்போ துறையிலிருந்து ஒரு மரக்கலம் ஜப்பானுக்குப் புறப்பட்டது. அது கரை சேரவில்லை. கொரியாவின் தென்மேற்கே சினான் தீவுகளின் அருகில் மூழ்கியது. ஆறு நூற்றாண்டுகள் கடந்தபின், 1975-இல் ஒரு மீனவரின் வலையில் பழைய பீங்கான் கலங்கள் சிக்கின. 1976 முதல் 1984 வரை அங்கே முக்குளித்து ஆய்ந்தனர். இருபதாயிரத்துக்கு மேற்பட்ட பீங்கான் கலங்களும், 28 டன் எடையுள்ள செப்புக் காசுகளும், ஆயிரத்துக்கு மேற்பட்ட செஞ்சந்தனக் கட்டைகளும், மிளகும் வெளிவந்தன. கப்பல் எந்த ஆண்டினது என்று சொன்னவை அந்தச் செல்வங்கள் அல்ல. சரக்குக் கட்டுகளில் கட்டியிருந்த சிறு மரச்சீட்டுகளே சொல்லின. இன்னாருடைய சரக்கு, இன்ன மாதம், இன்ன நாள் என்று மையால் எழுதிய சீட்டுகள் அவை. கியோட்டோ நகரின் தோபுகுஜி என்னும் பௌத்த ஆலயத்தின் பெயரும் அவற்றில் காணப்பட்டது. அவ்வாலயம் 1319-இல் தீயில் எரிந்து, மீண்டும் கட்டப்பட வேண்டிய நிலையில் இருந்தது. ஆலயத்தைப் புதுப்பிக்கப் பொருள் தேடிய வாணிகத்தில் இந்தக் கப்பலுக்கும் பங்கு இருந்தது என்று அறிஞர் கருதுவர்.

இந்த நிகழ்ச்சிகளை ஒன்றாக வைத்துப் பாருங்கள். 1323-இல் வென்றவர்களின் வெற்றி எவ்வளவு காலம் நின்றது? உலுக்கான் இரண்டாண்டில் சுல்தானானான். ஆனால் பத்துப் பன்னிரண்டு ஆண்டுக்குள் மதுரையில் அவன் அமர்த்திய அதிகாரியே தன்னைச் சுல்தான் என்று அறிவித்துக்கொண்டு பிரிந்துபோனான். அந்த மதுரைச் சுல்தான்களின் ஆட்சியும் அந்நூற்றாண்டுக்குள்ளேயே மறைந்தது. கெகீன் கானைக் கொன்றவர்களைப் புதிய பேரரசரே சில வாரங்களில் கொன்றார். நிலைத்து நின்றவை எவை? ஒரு கடிதம், ஓர் உடன்படிக்கை, ஓர் உரைநூல், மரச்சீட்டில் ஒரு வணிகனின் கையெழுத்து, காட்டு வழியே சுமந்து செல்லப்பட்ட ஒரு தெய்வத் திருமேனி. எவரோ அக்கறையோடு எழுதியும் ஒளித்தும் சுமந்தும் காத்த பொருள்களே நமக்கு அந்த ஆண்டைக் காட்டுகின்றன.

திருவரங்கத்துக்கு வருவோம். விசயநகர இளவரசன் குமார கம்பணன் மதுரைச் சுல்தான்களை வென்றான். அவனுடைய மனைவி கங்காதேவி அந்தப் படையெழுச்சியை மதுரா விசயம் என்ற வடமொழிக் காவியமாகப் பாடினாள். அவனுடைய அதிகாரி கோபணன், திருமலையிலிருந்து மூர்த்தியைத் தன் ஊராகிய செஞ்சிக்குக் கொணர்ந்து, பின்னர்த் திருவரங்கத்தில் மீண்டும் எழுந்தருளச் செய்தான். இதற்கு மரபு மட்டும் சான்று அன்று. திருவரங்கக் கோயிலின் சுவரிலேயே கல்வெட்டு இருக்கிறது. அதில் ஆண்டை எண்ணால் எழுதாமல், 'பந்துப்ரிய' என்ற சொல்லால் குறித்திருக்கிறார்கள். வடமொழி எழுத்துகளுக்கு எண்மதிப்புத் தரும் கடபயாதி முறையில், ப என்பது 3, து என்பது 9, ப்ரி என்பது 2, ய என்பது 1. அவற்றை வலமிருந்து இடமாக வாசித்தால் 1293. அந்தச் சக ஆண்டு கி. பி. 1371. அச்சொல்லின் பொருள் 'சுற்றத்தார்க்கு இனியது' என்பது. நாற்பத்தெட்டு ஆண்டுகள் ஊரைப் பிரிந்திருந்தவர் வீடு திரும்பிய ஆண்டுக்கு அதனினும் பொருத்தமான பெயர் கிடைப்பது அரிது.

இன்னும் ஒன்று சொல்லி முடிக்கிறேன். இத்துணைத் துன்பம் கண்ட அதே திருவரங்கக் கோயிலில், துலுக்க நாச்சியார் என்ற பெயரில் ஒரு சன்னிதி இருக்கிறது. டில்லிச் சுல்தானின் மகள் அரங்கனிடம் கொண்ட பேரன்பைச் சொல்லும் கதை அதற்கு அடிப்படை. அங்கே பெருமாளுக்குக் கோதுமை ரொட்டி நிவேதனம் ஆகிறது. கதை வரலாறா என்று ஆராய்வோர் ஆராயட்டும். துயரை நினைவில் வைத்த அந்த ஊர், பகையை நினைவில் வைக்க விரும்பவில்லை என்பது மட்டும் வரலாறே. பாலக்கரைக்கு அருகிலேயே, நத்தர்வலி தர்காவில் எல்லாச் சமயத்தாரும் கூடுவதையும் திருச்சிராப்பள்ளி மாணவர்கள் கண்டிருப்பார்கள்.

மாணவ நண்பர்களே, அடுத்த முறை ஓர் ஆண்டை நெட்டுருப் போட நேரும்போது, அந்த எண்ணை ஒரு கணம் நிறுத்தி, இரண்டு வினாக்கள் கேளுங்கள். அந்த ஆண்டில் உலகின் மற்றோர் ஊரில் என்ன நடந்தது? அந்த ஆண்டில் எவர் எதைக் காத்தார்? முதல் வினா, நம் துயரும் நம் பெருமையும் உலகத்தில் தனித்தவை அல்ல என்று காட்டும். இரண்டாம் வினா, படைத்தலைவர்களின் பெயர்களுக்குப் பின்னே மறைந்திருக்கும் மக்களைக் காட்டும். உய்யக்கொண்டான் வாய்க்காலில் ஓடும் நீரைப் பார்க்கும்போது, அதை வெட்டியவர்களின் பெயர் நமக்குத் தெரியாது. நீர் மட்டும் வந்துகொண்டிருக்கிறது. வரலாறும் பெரும்பாலும் அப்படித்தான் நம்மிடம் வந்து சேர்கிறது.